இத்தா வீட்டில் வாங்கிய கைநாட்டு

அந்த அம்மாள் ரிக்‌ஷாவிலிருந்து இறங்கி எங்கள் வாசலில் நின்றபோது, வீடு தெரியாமல் வந்தவர் என்றுதான் நினைத்தேன். வெள்ளைத் துப்பட்டியை நெற்றிவரை இழுத்துப் போர்த்தியிருந்தார். ரிக்‌ஷாக்காரச் சீனனைக் காத்திருக்கச் சொல்லி மலாயில் ஏதோ சொன்னார். உடனே படியேறவில்லை. வீட்டின் முகப்பை மேலிருந்து கீழ்வரை பார்த்தார். ஓடு, சன்னல், கதவில் நாங்கள் புதிதாக அடித்திருந்த பச்சை வர்ணம். வர்ணத்தில் கண் வந்ததும் முகம் சுருங்கியது.

என் மகன் அப்போது தவழ்கிற பருவம். அவனை இடுப்பில் தூக்கிக்கொண்டு கதவருகே போனேன்.

"வூட்டுக்காரர் இல்லையாம்மா?"

"கடைக்குப் போயிருக்காங்க. நீங்க?"

"வாடகை வந்து நாளாச்சு. கொழுந்தன்கிட்டக் கேட்டா, நீங்க இன்னைக்குத் தர்றேன் நாளைக்குத் தர்றேன்னு இழுக்கறீங்கன்னான். இப்ப அவனையும் காணல. சரி, நாமளே ஒரு நடை போய்ப் பாப்போம்னு வந்தேன்."

"வேற வீடா இருக்கும்க்கா. நாங்க வாடகை குடுக்கறதில்ல. இந்த வீட்டை வாங்கிட்டோம்."

"யாருகிட்ட?"

வீட்டின் சொந்தக்காரருடைய மனைவியிடமிருந்து என்றேன். புருஷன் மௌத்தான பிறகு, துக்கம் காக்கும் இத்தாவில் இருந்தபடியே அந்த அம்மா கைநாட்டு வைத்துக் கொடுத்தார் என்றும் சொன்னேன். சொல்லும்போதே எதற்கு இவ்வளவு விவரம் சொல்கிறோம் என்று தோன்றியது.

அவர் வாசல் பலகையில் உட்கார்ந்தார்.

"அது நான்தாம்மா," என்றார். "நான் ஜெலுத்தோங்குல என் வூட்டு மூலைல தஸ்பீஹ் மணி உருட்டிக்கிட்டு உக்காந்திருந்தேன். யாருக்கும் எதையும் விக்கல."

நான் செய்த முதல் காரியம், கதவைப் பாதி சாத்தியது. யாரோ எங்கள் விஷயம் கேள்விப்பட்டு, ஆண்பிள்ளை இல்லாத நேரம் பார்த்து மிரட்ட வந்திருக்கிறாள் என்று நினைத்தேன். பினாங்கில் அப்படி நடக்காமலில்லை. ரப்பர் விலை விழுந்து ஆட்கள் வேலையில்லாமல் திரிந்த காலம் அது. குழந்தையைத் தோளோடு அணைத்துக்கொண்டு கேட்டேன்:

"நீங்கதான் அவங்கன்னு நான் எப்படி நம்பறது?"

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். சிரித்தார்.

"இந்தக் கேள்விய அன்னைக்குக் கேட்டிருக்கலாம்லா," என்றார்.

அந்தச் சிரிப்பில்தான் எனக்குத் தெரிந்துவிட்டது, இவர் பொய் சொல்லவில்லை என்று. கூடவே வேறொன்றும் நினைவுக்கு வந்தது. அதை யாரிடமும் நான் அதுவரை சொன்னதில்லை.

*

நாங்கள் அந்த வீட்டில் குடியிருந்தது கல்யாணமான நாளிலிருந்து. சூலியா தெருவிலிருந்து பிரிகிற சந்து. கீழே ஒரு கூடம், பின்கட்டில் சமையல், மேலே இரண்டு அறை. வீடு, வீட்டுக்காரருடைய மனைவியின் பெயரில் இருந்தது. கல்யாணத்தின்போது அந்த அம்மாவின் தகப்பனார் எழுதிக் கொடுத்தது. இதைச் சந்தில் எல்லோரும் அறிவார்கள். ஆனால் அந்த அம்மாவை யாரும் பார்த்ததில்லை. வாடகை வாங்க வருவது அவர் கணவர். அவர் படுத்த படுக்கையானபின் அவருடைய தம்பி வரத் தொடங்கினார். முப்பது வயதிருக்கும், நன்றாக உடுத்துகிறவர், வரும்போதெல்லாம் குழந்தைக்கு ஒரு பிஸ்கட் பொட்டலம் கொண்டு வருவார்.

அண்ணன் இறந்தபின் அந்தத் தம்பிதான் என் கணவரிடம் பேச்சை எடுத்தார். அண்ணி இத்தா முடிந்ததும் ஊருக்கே போய்விடப் போகிறார், நாகப்பட்டினம் பக்கம் அவருடைய தங்கை இருக்கிறாள், வீட்டை விற்றுவிட்டால் பாரம் குறையும் என்றார். வெளியாளுக்கு விற்பதைவிட, குடியிருப்பவர்களுக்கே கொடுத்தால் அண்ணனுடைய ஆத்மாவுக்கும் நிம்மதி என்றார். விலை குறைவு. அப்போது எல்லா வீடும் மலிந்துதான் கிடந்தது, ஆனாலும் குறைவு. என் கணவர் துறைமுகத்தில் கப்பல்களுக்குச் சாமான் ஏற்றும் கடையில் கணக்கு எழுதுகிறார். அவருடைய சேமிப்பும் என் வளையல்களும் சேர்ந்தால் போதுமாயிருந்தது.

"இவ்வளவு மலிவா ஏன் தர்றாங்க மச்சான்?" என்று கேட்டேன். அவர் என் தாய்மாமன் மகன். கல்யாணத்துக்குப் பிறகும் மச்சான் என்றே கூப்பிடுவேன்.

"அவசரத்துக்கு விக்கறவங்க வெல பேசுவாங்களா? நாம வாங்கலேன்னா அடுத்த வூட்டுக்காரன் வாங்குவான். அப்பறம் நீதான் பொட்டிய தூக்கிக்கிட்டு வேற சந்து தேடணும்."

அதற்கு மேல் நான் கேட்கவில்லை. கேட்டிருக்கலாமோ என்று பின்னால் எத்தனையோ தடவை நினைத்தேன். கேட்டிருந்தாலும் வாங்கித்தான் இருப்போமோ என்றும் நினைத்தேன்.

எங்களில் கணவனை இழந்தவள் நான்கு மாதம் பத்து நாள் இத்தா இருக்க வேண்டும். வீட்டைவிட்டு வெளியேறுவதில்லை, அந்நிய ஆண்கள் முன்னால் வருவதில்லை. நகை, பூ, அத்தர், சுர்மா, மருதாணி எதுவும் கிடையாது. அந்தக் காலத்தில் அவளை யாரும் தொந்தரவு செய்வதில்லை. பெண்கள்கூடத் தாழ்ந்த குரலில் இரண்டு வார்த்தை ஆறுதல் சொல்லிவிட்டுத் திரும்பிவிடுவோம். உற்றுப் பார்ப்பதும் கேள்வி கேட்பதும் மரியாதை இல்லை.

ஆகவே அண்ணி லாயர் ஆபீசுக்கு வர முடியாது, அங்கே பத்திரம் எழுதும் கிராணிதான் வீட்டுக்கு வந்து கைநாட்டு வாங்க வேண்டும் என்று தம்பி சொன்னபோது, ஒருவருக்கும் அது விசித்திரமாகப் படவில்லை. லாயர் ஆபீஸ் கிராணி ஓர் இந்து. முதலில் கொஞ்சம் முணுமுணுத்தார். பிறகு, "அவங்க வழக்கத்துல நாம தலையிடக் கூடாதுல்ல," என்று ஒப்புக்கொண்டார். திரைக்கு உள்ளே நடப்பதைப் பார்க்க ஒரு பெண் வேண்டும் என்று அவரே சொன்னார். நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்புவரை படித்தவள், இங்கிலீஷில் கையெழுத்துப் போடுவேன் என்று என் கணவர் பெருமையாகச் சொன்னார். அது எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

டத்தோ கிராமட் சாலைக்குப் பக்கத்தில் ஒரு பலகை வீடு. அண்ணி எங்களோடுதான் இத்தா இருக்கிறார்கள் என்றார் தம்பி. கூடத்துக்கும் உள்ளறைக்கும் நடுவே ஒரு கைலியைக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். ஆண்கள் கூடத்தில். நான் குழந்தையோடு உள்ளே போனேன்.

பாயில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். துப்பட்டி மூக்குவரை மறைத்திருந்தது, கண் தரையில். சலாம் சொன்னேன். மெதுவாகப் பதில் சொன்னாள். வீட்டுக்காரருடைய வயதுக்கு இவள் ரொம்பச் சின்னவளாகத் தெரிகிறாளே என்று நினைத்தேன். துக்கம் உடம்பை ஒடுக்கிவிடும் என்று நானே பதிலும் சொல்லிக்கொண்டேன். என் மகன் கையை நீட்டி அவள் துப்பட்டியை இழுத்தான். அவள் அவன் கன்னத்தைத் தொட்டாள். "என்ன பேரு?" என்று கேட்டாள். சொன்னேன். அவ்வளவுதான் எங்கள் பேச்சு.

வெளியே கிராணி பத்திரத்தைத் தமிழில் படபடவென்று சொல்லி முடித்து, "சம்மதந்தானே அம்மா?" என்றார்.

"சம்மதம்," என்றாள், நிக்காஹ்வில் சொல்வதைப் போல, கேட்டவுடன்.

மைப்பெட்டி திரைக்கு அடியில் உள்ளே வந்தது. அவளுக்கு எப்படி வைப்பதென்று தெரியவில்லை. நான்தான் அவளுடைய கட்டைவிரலைப் பிடித்து மையில் உருட்டி, காகிதத்தில் பதித்தேன். நகம் சிவந்திருந்தது. மருதாணிச் சிவப்பு.

பெண்கள் இதை ஒரு பார்வையில் கணக்குப் போடுவார்கள். பழைய மருதாணி என்றால் நகம் வளர்ந்து, அடியில் வெள்ளைப் பிறை தெரியும். இவளுக்குப் பிறை இல்லை. சிவப்பு அடிவரைக்கும் போயிருந்தது. புருஷன் இறந்து மாதங்களாகிவிட்டன, அதற்கு முன்னாலும் அவர் நீண்ட நாள் படுக்கையில். எப்போது வைத்தாள்?

நான் விரலை விட்டுவிட்டேன். மை துடைக்கத் துணி கொடுத்தேன். ஒரு கைம்பெண்ணின் நகத்தைப் பார்த்து எடைபோடும் என்னை நினைத்து எனக்கே வெட்கமாக இருந்தது. வெளியே வந்து, கிராணி காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டேன்.

*

அந்த அம்மாள் எங்கள் வாசலிலிருந்து நேராகப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனார். அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. நானாக இருந்தாலும் போயிருப்பேன்.

அந்தத் தம்பியைப் போலீஸ் மாத்தா தேடியபோது அவர் கப்பல் ஏறிவிட்டார் என்று தெரிந்தது. நாகப்பட்டினத்துக்கு என்றார்கள். பணமும் அவரோடு போயிற்று. பத்திரத்தில் கை வைத்தவர்களில் மிஞ்சியது மூன்று பேர்: வாங்கியவர் என் கணவர், சாட்சிகள் நானும் கிராணியும். பிடிக்க ஆள் இல்லாதபோது இருப்பவர்களைத்தானே பார்ப்பார்கள். மூவரும் ஸ்டேஷனுக்கு வர வேண்டும் என்று ஒரு மாத்தா வந்து சொல்லிவிட்டுப் போனார். அவர் போனபின் பக்கத்து வீட்டுச் சன்னல்கள் வெகுநேரம் மூடவேயில்லை.

வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து கணவர் சாப்பிட வந்திருந்த நேரம், பின்வாசல் வழியாகக் கிராணி வந்தார்.

"தம்பி, நான் வந்தது யாருக்கும் தெரிய வேணாம்," என்று உட்கார்ந்தார். பிறகு என்னிடம் கேட்டார், "அம்மா, உள்ள நீங்க என்ன பாத்தீங்க?"

"ஒரு பொம்பளையப் பாத்தேன்."

"அதான். அதுக்கு மேல ஒண்ணும் பாக்கல. சரியா? ஏமாந்தவனை ஜெயில்ல போடறதில்ல. தெரிஞ்சுக்கிட்டே வாங்கினவனைத்தான் போடுவான், ஏமாத்தினவனுக்குக் கூட்டாளின்னு. அப்ப தெரியுமா தெரியாதா, அதான் கேள்வி. ஒரு சின்னச் சந்தேகம் வந்துச்சுய்யான்னு வாயத் தொறந்தீங்கன்னா, சந்தேகத்தோட கையெழுத்துப் போட்டியான்னு கேப்பான். அப்பறம் ஒங்க வூட்டுக்காரரு உள்ள, நீங்களும் உள்ள."

"நீங்களும்தானே அண்ணே," என்றார் என் கணவர்.

"நானுந்தான். அதுக்குத்தானே சொல்றேன். தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை ஏறறவன் தம்பி நான், பொய் சொல்லச் சொல்லல. பாக்காததைப் பாக்கலன்னு சொல்லச் சொல்றேன்."

பார்க்காதது என்று அவர் சொன்னபோது என் முகத்தை ஏன் அப்படிக் கூர்ந்து பார்த்தார் என்று இன்றும் நினைக்கிறேன். திரைக்கு வெளியே இருந்தாலும், மைப்பெட்டியை உள்ளே தள்ளியது அவர் கை. காகிதத்தைத் திரும்ப வாங்கியதும் அவர் கை. அவருக்கும் அந்த விரல் தெரிந்திருக்குமோ?

அவர் போனபின் கணவரிடம் நகத்தைப் பற்றிச் சொன்னேன். சோற்றில் வைத்த கையை எடுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அன்னைக்கே ஏன் சொல்லல?"

"சொல்லியிருந்தா வாங்காம இருந்திருப்பீங்களா?"

அவர் தட்டைத் தள்ளினார். எழுந்து கை கழுவினார். அந்த முதுகைப் பார்த்துக்கொண்டு நின்றபோதுதான் என் மனதில் அது நுழைந்தது. இவருக்கு என்ன தெரியும்?

ஒருமுறை நுழைந்தபின் எல்லாம் அதற்கேற்றாற்போல் வந்து சேர்ந்தது. தம்பியும் இவரும் கடற்கரைப் பக்கத்துக் காப்பிக் கடையில் பலமுறை உட்கார்ந்து பேசினார்கள். நான் என்ன பேச்சென்று கேட்டால், "ஆம்பளைங்க பேச்சு," என்பார். அன்று கிராணி பத்திரத்தைப் படிக்கும்போது இவர் எழுந்து வெளியே போய் நின்றது உள்ளறைச் சன்னலில் தெரிந்தது. வெயிலாக இருந்ததால் வண்டிக்காரனை நிழலுக்கு வரச் சொல்லப் போனேன் என்றார். இருக்கலாம். வண்டிக்காரன் ஏற்கெனவே நிழலில்தான் நின்றான் என்றும் எனக்கு ஒரு நினைவு. அந்த நினைவும் நானாகச் செய்துகொண்டதோ என்னவோ.

அவரும் என்னைச் சும்மா விடவில்லை. குழந்தைக்குச் சட்டை மாட்டிக்கொண்டிருந்தபோது, பேச்சோடு பேச்சாகக் கேட்டார்:

"அந்தப் பொண்ண நீ முன்னாடியே எங்கயாச்சும் பாத்திருக்கியா?"

"நான் எங்க போறேன் பாக்கறதுக்கு?"

"இல்ல, கேட்டேன்."

"நீங்க பாத்திருக்கீங்களா?"

"திரைக்கு இந்தப் பக்கம் நின்னவன் நான். என்னையக் கேக்கறே."

ஒரே வீட்டில் இரண்டு போலீஸ்காரர்கள் குடியிருப்பது போலிருந்தது. இருவரும் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டிருந்தோம், பதிலை இருவருமே நம்பவில்லை. இவரைக் கூட்டிக்கொண்டு போய்விட்டால் கடை முதலாளி வேறு ஆளை வைத்துக்கொள்வார், நான் இந்தக் குழந்தையோடு எங்கே போவேன் என்று மனம் ஒரு பக்கம் கணக்குப் போடும். இன்னொரு பக்கம், தெரிந்தே என் வளையலை வாங்கிப் போனாரோ என்று கேட்கும். இரண்டு பயமும் ஒரே ஆளைப் பற்றியவை என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

*

ஸ்டேஷனுக்குப் போகும் வழியில் கணவர் ஒன்றே ஒன்று சொன்னார். "இங்கிலீஷ் தெரியும்னு காட்டிக்காதே. படிச்சவன்னா, எல்லாம் தெரிஞ்சுதான் செஞ்சான்னு நெனப்பாங்க."

அவரையும் கிராணியையும் ஓர் அறைக்கு அழைத்துப் போனார்கள். என்னை வேறோர் அறைக்கு. அங்கே மேசைக்குப் பின்னால் ஒரு வெள்ளைக்கார இன்ஸ்பெக்டரும், பக்கத்தில் தமிழ்த் துபாஷியும் இருந்தார்கள். சுவரோரம் பெஞ்சில் அந்த அம்மாள், அதே வெள்ளைத் துப்பட்டியில். என் மகனைப் பார்த்து விரலைச் சொடுக்கினார். புகார் கொடுத்தவர் என் பிள்ளையோடு விளையாடுகிறாரே என்று அதையும் சந்தேகமாகத்தான் பார்த்தேன்.

இன்ஸ்பெக்டர் இங்கிலீஷில் கேட்பார், துபாஷி தமிழில் சொல்வார். எனக்கு முதலிலேயே புரிந்துவிடும். ஆனாலும் தமிழ் வரும்வரை காத்திருந்து பதில் சொன்னேன். அன்று போன வீடு எது, அழைத்துப் போனது யார், விரலைப் பிடித்தது யார். நான்தான் பிடித்தேன் என்றபோது துபாஷியின் புருவம் உயர்ந்தது.

"அந்தப் பொம்பளய முன்னப் பின்னத் தெரியுமா?"

"தெரியாது."

இன்ஸ்பெக்டர் வாசலில் நின்ற மாத்தாவுக்குச் சைகை செய்தார். உள்ளே ஒரு பெண்ணைக் கூட்டி வந்தார்கள். பதினெட்டு வயதுகூட இருக்காது. கறுப்புக் கரை போட்ட சேலை. தலையில் முந்தானை மட்டும், முகம் திறந்திருந்தது. அழுதழுது வீங்கிய முகம். அவளா என்று எனக்கு நிச்சயமாகச் சொல்லத் தெரியவில்லை. நான் பார்த்தது மூக்குக்கு மேலே கொஞ்சமும் ஒரு கையும்தான்.

அவளுக்கு அந்தக் கஷ்டம் இருக்கவில்லை. என்னைப் பார்த்ததும் முகம் தெளிந்தது. அந்த இடத்தில் தெரிந்த முகம் ஒன்று கிடைத்த நிம்மதி. என் மகனுடைய பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள்.

"அக்கா, பிள்ள நல்லாருக்கானா? பல்லு மொளச்சிருச்சா?"

துபாஷி அதை மொழிபெயர்த்தார். இன்ஸ்பெக்டரின் பேனா நின்றது. அவர் துபாஷியிடம் மெல்லச் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது. இருவரும் பழகியவர்கள், குழந்தையின் பெயர்வரை தெரிந்திருக்கிறது, தெரியாது என்று இவள் பொய் சொல்கிறாள். புருஷனையும் இன்று வெளியே விட வேண்டாம்.

துபாஷி அதைத் தமிழில் சொல்லவில்லை. சொல்லத் தேவையில்லை என்று நினைத்திருப்பார்.

இன்னும் ஒரு நிமிடம் பேசாமல் இருந்தால் அது எழுதப்பட்டுவிடும். பேசினால், இங்கிலீஷ் தெரிந்ததை மறைத்தவள் என்பதும் சேர்ந்துகொள்ளும். கிராணி சொன்னதும் கணவர் சொன்னதும் காதில் நின்றன. குழந்தை கனத்தான். நான் இங்கிலீஷில் பேசத் தொடங்கினேன். பள்ளிக்கூடத்தில் ஒப்பிப்பதைப் போல, ஒரே மூச்சில்.

இவளை நான் பார்த்தது ஒருமுறைதான், அந்த நாளில்தான், இவள் கேட்டதால் குழந்தையின் பெயரைச் சொன்னேன் என்றேன். நகத்தையும் சொன்னேன். அடிவரை சிவந்திருந்தது, இத்தாவில் இருப்பவள் மருதாணி வைக்க மாட்டாள், அதை நான் அப்போதே கவனித்தேன் என்றேன். சொல்லி முடித்ததும் என் கணவரை நானே உள்ளே தள்ளிவிட்டேன் என்று நினைத்தேன்.

இன்ஸ்பெக்டர் நாற்காலியில் சாய்ந்தார். கவனித்துவிட்டு ஏன் கையெழுத்துப் போட்டாய் என்று நேராக என்னிடமே கேட்டார்.

"இத்தாவில் இருப்பவளை நாங்கள் கேள்வி கேட்பதில்லை," என்றேன். அது எனக்கே போதாத பதிலாகத்தான் பட்டது.

பெஞ்சிலிருந்து அந்த அம்மாள் துபாஷியைப் பார்த்து, "இவ என்ன சொல்றா?" என்றார். அவர் சொன்னார். அம்மாள் முழுவதும் கேட்டுக்கொண்டு எழுந்து நின்றார்.

"தொரைகிட்டச் சொல்லுங்க. அன்னைக்கு அந்தப் பாயில நானே உக்காந்திருந்தாலும் இவ என் மூஞ்சியப் பாத்திருக்க மாட்டா. என் பேரைக் கேட்டிருக்க மாட்டா. கேட்டிருந்தா நான் இவளை மட்டு மரியாதை இல்லாதவன்னு ஊரு பூரா சொல்லியிருப்பேன். அது என் கொழுந்தனுக்குத் தெரியும். அதனாலதான் நான் இத்தாவுல உக்கார்ற வரைக்கும் பொறுத்திருந்தான். என்னை, இவளை, அந்தப் பொண்ணை, எங்க மூணு பேரையும் வச்சுத்தான் அவன் வித்தான்."

துபாஷி இதை வரிசையாக இங்கிலீஷில் சொன்னார். எதையும் விடவில்லை. நான் கவனித்துக்கொண்டிருந்தேன்.

பிறகு அந்தப் பெண்ணிடம் கேட்டார்கள். அவள் அக்கரையில், பட்டர்வொர்த்தில் இருந்தவள். தம்பி அங்கே அவளை யாருக்கும் தெரியாமல் நிக்காஹ் செய்திருந்தார். அந்த அம்மாள் காதுக்கு இப்படி ஒரு பேச்சு எட்டியிருந்ததால்தான் மாத்தா அவளைத் தேடிப் பிடித்திருக்கிறார்கள். கைநாட்டு வைத்தது கல்யாணமான மூன்றாம் நாளோ என்னவோ. மருதாணி புதுப்பெண்ணின் மருதாணி.

"புருஷன் குடுக்கற மஹரா எனக்கு ஒரு வீடு தர்றேன்னாங்க," என்றாள். "வீடு அண்ணி பேருல இருக்கு, அண்ணி வர முடியாது, நீ அண்ணி பேரச் சொல்லி விரல வச்சா ஒன் பேருக்கு மாறும்னாங்க. எனக்குப் படிக்கத் தெரியாது. வீடு எனக்கு வருதுன்னுதான் நெனச்சேன்." என்னைக் காட்டி, "இந்த அக்கா எனக்கு ஒத்தாசைக்கு வந்திருக்காங்கன்னு நெனச்சேன்," என்றாள்.

அவளை நம்பலாமா என்று நான் இன்ஸ்பெக்டரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்த அதே பார்வையில்தான் நான் அவளைப் பார்த்தேன் என்பது அப்போது உறைத்தது.

*

அந்த அம்மாள் எங்களுக்காகச் சொன்னதை எழுதிக்கொண்டு, என் கணவரை அன்று மாலையே விட்டார்கள். கிராணியை லாயர் ஆபீஸ் வேலையிலிருந்து நிறுத்தியது. அந்தப் பெண்ணை அவள் தகப்பன் வந்து கூட்டிப்போனார், கூப்பிடும்போது சாட்சி சொல்ல வர வேண்டும் என்ற பேச்சில். தம்பி இன்றுவரை அகப்படவில்லை. விசாரணை முடிந்துவிட்டது என்று யாரும் எங்களிடம் சொன்னதும் இல்லை.

பொய்க் கைநாட்டில் எழுதிய பத்திரம் செல்லாது. வீடு அந்த அம்மாளுக்கே திரும்பியது. எங்கள் பணம் போனது போனதுதான். காலி செய்யச் சொல்வார் என்று நான் பாத்திரங்களைக் கட்டி வைத்தேன். அவர் வந்து பார்த்துவிட்டு, "கட்டுனதைப் பிரி. வேற ஆள் வந்தா அவங்களையும் நான் புதுசா சந்தேகப்படணும். ஒங்களைச் சந்தேகப்பட்டு முடிச்சாச்சு," என்றார்.

ஸ்டேஷனிலிருந்து திரும்பிய அன்று நாங்கள் ஒரே ரிக்‌ஷாவில் வந்தோம். குழந்தை நடுவில் தூங்கிவிட்டான். நான் இங்கிலீஷில் பேசியதையும் நகத்தைச் சொன்னதையும் இவரிடம் சொன்னேன். கோபிப்பார் என்று நினைத்தேன். தலையை மட்டும் அசைத்தார். சூலியா தெரு திரும்பும்போது கேட்டுவிட்டேன்.

"மச்சான், உங்களுக்குத் தெரியுமா?"

அவர் ரிக்‌ஷாக்காரனுடைய முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உனக்குத் தெரிஞ்ச அளவுக்குத்தான்," என்றார்.

அதற்கு நான் என்ன கேட்க முடியும்? விரலை ஒரு கணம் பிடித்துப் பார்த்துவிட்டு விட்டுவிட்டவள் நான். அவரும் ஏதோ ஒன்றைப் பார்த்துவிட்டு விட்டிருக்கலாம். குறைந்த விலையை, அல்லது காப்பிக் கடையில் தம்பி சொல்லாமல் விட்ட ஒரு வார்த்தையை. அல்லது எதையுமே பார்த்திருக்காமல், என்னைக் குத்துவதற்காக மட்டும் அப்படிச் சொல்லியிருக்கலாம். அன்றிலிருந்து அவர் கடையிலிருந்து தாமதமாக வந்தால் எங்கே போனீர்கள் என்று கேட்கிறேன். அவர் சொல்கிறார். சரி என்கிறேன்.

என் மகன் இப்போது வாசலுக்கும் பின்கட்டுக்கும் ஓடுகிறான். பச்சை வர்ணம் வெயிலில் வெளுத்துவிட்டது. மாதம் பிறந்ததும் அந்த அம்மாள் ரிக்‌ஷாவில் தானே வந்து இறங்குவார். பலகையில் உட்கார்ந்து தண்ணீர் குடிப்பார், குழந்தையை வம்புக்கு இழுப்பார், பிறகு வாடகைக்குக் கையை நீட்டுவார்.

அவர் யார் என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் என் கண் முதலில் அந்த விரல்களுக்குத்தான் போகிறது. போன மாதம் அதைக் கவனித்துவிட்டார். கையை இழுத்துக்கொள்ளவில்லை. இன்னும் கொஞ்சம் முன்னால் நீட்டி, வெளிச்சத்தில் திருப்பிக் காட்டினார்.

"பாரு, நல்லாப் பாத்துட்டே குடு," என்றார்.

பார்த்துவிட்டுத்தான் கொடுத்தேன்.